வண்டிக்காரன் சிற்றாலயமும் வாசலில் இருந்த சப்பாத்துகளும்

"ஐசே, பழைய கட்டடம் ஒன்றைக் கண்டால் அதன் வயதைக் கேட்காமல் உம்மால் அப்பால் போக ஏலாது என்று எனக்குத் தெரியும். உம்முடைய ஊருக்கு வடக்கே, லிப்பெ ஆற்றைத் தாண்டினால், வயல் நடுவில் ஒரு சின்னக் கோயில் இருக்கிறதாம். வண்டிக்காரன் சிற்றாலயம் என்று சொல்கிறார்கள். அது எப்போது கட்டினது என்று நான் படம் எடுக்கத் தொடங்க முன்னம் தெரிய வேணும். இந்த முறை என்னுடைய படம், வேறொருவருடையது இல்லை. விளங்கும்தானே?"

இந்தக் கடிதத்தில் தேதி இல்லை. அவர் கடிதங்களில் தேதி ஒருபோதும் இருந்ததில்லை. உறையின் மேல் உள்ள அஞ்சல் முத்திரை கொலோன், 11.3.1969. அதன் ஓரத்தில் நான் பென்சிலால் "பெற்றது 13.3.69, வியாழன்" என்று எழுதியிருக்கிறேன்.

எழுதியவர் யாழ்ப்பாணத்துக்காரர், என் வயதுதான். 1966 ஜனவரியில், பிராங்பேர்ட்டில் தமிழ் மாணவர்கள் சிலர் ஒரு விடுதிச் சமையலறையில் பொங்கல் வைத்த அன்று அறிமுகமானார். அந்த மின் அடுப்பில் பொங்கல் பொங்கவில்லை, அடிப்பிடித்தது. நாங்களெல்லாம் ஆளுக்கொரு கரண்டியோடு பானையைச் சுரண்டிக்கொண்டிருக்க, இவர் மட்டும் கையடக்கமான ஒரு படக்கருவியால் அதைப் படம் பிடித்துக்கொண்டிருந்தார். ஏன் என்று கேட்டேன். "பொங்கினதை எல்லாரும் எடுப்பினம். அடிப்பிடிச்சதை ஆர் எடுக்கிறது?" என்றார். அன்றிலிருந்து நண்பர்கள். அவர் என்னை 'ஐசே' என்று கூப்பிடுவார், 'நீர்' என்பார். நான் அவரை இன்றுவரை 'நீங்க' என்றுதான் கூப்பிடுகிறேன். எங்கள் பக்கத்தில் 'நீர்' என்றால் சண்டை தொடங்கப்போகிறது என்று பொருள். முதல் சில மாதங்கள் அவர் என்மேல் கோபமாக இருப்பதாகவே நினைத்துக்கொண்டிருந்தேன்.

நான் தஞ்சாவூர் மாவட்டத்துக் கத்தோலிக்கன். 1964இல் ஆராய்ச்சி மாணவனாக ஜெர்மனிக்கு வந்தேன். பட்டம் முடிந்ததும் ஹம் நகரில் ஒரு கம்பி ஆலையின் சோதனைக்கூடத்தில் வேலை. வாரம் முழுக்க இரும்புக் கம்பி எத்தனை இழுப்புக்கு அறுகிறது என்று பார்ப்பேன். ஞாயிற்றுக்கிழமைகளில் சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்ப் பழைய வீடு, பாலம், கோயில் எதையாவது பார்த்து அதன் ஆண்டைத் தேடி எழுதிவைப்பேன். யாரும் கேட்டதில்லை. எனக்கே அப்படி ஒரு பழக்கம்.

நண்பருடைய நிலைமையைச் சொல்ல வேண்டும். 1961இல் கப்பலேறி வந்தவர், கொலோனில் ஒளிப்படக் கலை படித்துவிட்டு, ஒரு தொலைக்காட்சி நிலையத்தில் ஒளிப்பதிவு உதவியாளராகச் சேர்ந்தார். ஆண்டுக்கணக்கில் மற்றவர்களின் முக்காலியைத் தூக்கினார், மற்றவர்களின் படச்சுருளை மாற்றினார். அந்த நிலையத்தில் மாலைச் செய்திக்குப் பிறகு ஒரு நிகழ்ச்சி வரும்: பழைய ஆலைகள், கோட்டைகள், கிணறுகள், அவற்றின் வரலாறு, அவற்றைப் பற்றி ஊரார் சொல்லும் கதை. வழக்கமாக அதை எடுப்பவர் வேறு வேலைக்குப் போய்விட்டார். காலியான அந்த ஓர் இடத்தை நிகழ்ச்சிப் பொறுப்பாளர் இவரிடம் கொடுத்தார். படம் சரியாக வந்தால் அடுத்த ஆண்டுத் தொடர் இவருக்கு. வராவிட்டால் இலையுதிர் காலத்தோடு ஒப்பந்தம் முடிகிறது. அதைப் புதுப்பிக்கும் எண்ணம் நிலையத்துக்கு இல்லை. யாழ்ப்பாணத்தில் இவருடைய சித்தப்பாவுக்கு ஒரு ஸ்டூடியோ இருந்தது. திரும்பி வந்தால் அதில் ஓர் இடம் உண்டு என்று வீட்டிலிருந்து எழுதியிருந்தார்கள்.

"அங்கை போனால் ஆயுள் முழுக்க, 'கொஞ்சம் சிரியுங்கோ, நாடியை உயத்துங்கோ' எண்டு சொல்லிக்கொண்டு இருக்க வேண்டியதுதான்," என்றார் தொலைபேசியில். சொல்லிவிட்டுச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

மார்ச் 16, ஞாயிறு, சிற்றாலயத்தைப் பார்க்கப் போனேன். பீட்ரூட் வயல்களுக்கு நடுவே இரண்டு லிண்டன் மரங்கள். அவற்றின் கீழே ஒற்றை அறையாக ஒரு மணற்கல் கட்டடம். எங்கள் ஊர்ப் பக்கம் சாலை ஓரங்களில் இருக்கும் குருசடியைக் கொஞ்சம் பெரிதாக்கினால் அப்படித்தான் இருக்கும். சாவி பக்கத்துப் பண்ணை வீட்டின் சமையலறைக் கதவுக்குப் பின்னால் தொங்கும். அந்த வீட்டு அம்மாள் ஐம்பது வயதைத் தாண்டியவர், பேச்சுக் குறைவு. என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டுச் சாவியைக் கொடுத்தார். "மணியை மட்டும் அடிக்காதீர்கள். தீப்பிடித்துவிட்டது என்று ஆட்கள் ஓடி வந்துவிடுவார்கள்," என்றார்.

ஊரார் சொல்லும் கதை இதுதான். பதினேழாம் நூற்றாண்டின் முப்பதாண்டுப் போர்க் காலத்தில் ஒரு வண்டிக்காரன் உப்பு ஏற்றிக்கொண்டு இந்த வழியாக வந்தான். மூடுபனி. வழி தவறி ஆற்றோரச் சேற்றில் வண்டி இறங்கிவிட்டது. இவன் இறங்கித் தள்ளினான், காலணி இரண்டும் சேற்றில் மாட்டிக்கொண்டன. எதையும் மீட்க முடியாமல், தூரத்தில் ஒரு வெளிச்சம் தெரிய, வெறுங்காலோடு அதை நோக்கி நடந்தான். கெட்டித் தரையில் கால் பட்ட இடத்தில் வெளிச்சம் மறைந்தது. உயிர் பிழைத்த அந்த இடத்தில் கோயில் கட்டுவதாக நேர்ந்துகொண்டான்.

கதவின் மேல் உத்தரக் கல்லில் ஒரு லத்தீன் வரி வெட்டியிருந்தது. அதில் சில எழுத்துகள் மட்டும் பெரிதாக, சிவப்புப் பூசி இருந்தன. இந்த நாட்டில் இது ஒரு பழைய வழக்கம்: அந்தப் பெரிய எழுத்துகள் ரோமானிய எண்கள், அவற்றைக் கூட்டினால் கட்டிய ஆண்டு வரும். கூட்டிப் பார்த்தேன். பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கம் வந்தது. மறுபடியும் கூட்டினேன், அதேதான். போர் முடிந்து இரண்டு தலைமுறை ஆன பிறகு. அடுத்த சனிக்கிழமை பங்கு அலுவலகத்தில் பழைய பதிவுகளைப் பார்த்ததில், ஒரு விதவை கொடுத்த நிலத்தின் வருமானத்தில் கட்டியது என்று இருந்தது. வண்டிக்காரனைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை.

நண்பருக்குத் தொலைபேசியில் சொன்னேன்.

"அப்ப கதை பொய் எண்டுறீரோ?"

"கதையப் பத்தி நான் ஒண்ணும் சொல்லலைங்க. டேட் ஒத்துவரலை, அவ்வளவுதான்."

"நிலம் குடுத்த அந்த மனிசி வண்டிக்காரன்ரை பேத்தியா இருக்கலாமே?"

"இருக்கலாம்."

"அப்ப எழுதும்."

"இருக்கலாம்ங்கறத எப்படிங்க எழுதறது? ப்ரூஃப் வேணும்."

"உம்மோடை கதைக்கிறதுக்கு நான் நேரை அந்தக் கல்லோடையே கதைக்கலாம்," என்று வைத்துவிட்டார். ஆனால் அவர் படத்தின் அமைப்பு அன்றுதான் முடிவானது என்று பிறகு சொன்னார். பதிவு சொல்வதை ஒரு குரலும் ஊர் சொல்வதை இன்னொரு குரலும் சொல்லும். எது சரி என்று படம் சொல்லாது.

மே 17, 18 படப்பிடிப்பு. நண்பரோடு ஒலிப்பதிவுக்கு ஒரு ஜெர்மன் பெண் வந்திருந்தார்; நல்ல உயரம், ஓயாமல் மிட்டாய் சப்புவார். நண்பர் வேலை செய்யும் விதத்தை அப்போதுதான் பக்கத்தில் இருந்து பார்த்தேன். எந்த இடத்திலும் முதலில் படம் எடுக்க மாட்டார். யாரையும் பேச விடாமல், அந்த இடம் சும்மா இருக்கும் சத்தத்தை முதலில் பதிவு செய்யச் சொல்வார். சிற்றாலயத்துக்குள் நாங்கள் மூவரும் அசையாமல் நின்றோம். ஒரு ஈ, வெளியே மரக்கிளை, எங்கோ டிராக்டர். ஒலிப்பதிவுப் பெண் தலையாட்டினார். "இப்ப தொடங்கலாம்," என்றார் நண்பர். "இந்தச் சத்தத்துக்கு மேலைதான் எல்லாக் கதையும்."

அவர் பேசிய பிறகுதான் கவனித்தேன், நானும் அவரும் வெறும் காலுறையோடு நின்றுகொண்டிருந்தோம். இருவர் காலணியும் வெளியே வாசற்படியில்.

இதில் யார் முதலில் கழற்றியது என்பது இன்றுவரை வழக்கில் இருக்கிறது. அவர் சைவர், கோயில் என்றால் கழற்றுவது அவருக்குப் பழக்கம். நான் கத்தோலிக்கன் ஆனாலும் எங்கள் ஊரில் தேவாலயத்துக்கும் செருப்பை வெளியே விட்டுவிட்டுத்தான் போவோம், தரையில்தான் உட்காருவோம். ஜெர்மனிக்கு வந்த பிறகு பெரிய தேவாலயங்களில் காலணியோடு போகப் பழகிவிட்டேன். இந்நாட்டு ஆண்கள் கோயில் வாசலில் தொப்பியைக் கழற்றுவார்கள், காலைப் பற்றி யோசிக்க மாட்டார்கள். ஆனால் அந்தச் சின்னக் கட்டடத்தைப் பார்த்ததும் கால் தானாகப் பழைய வழிக்குப் போய்விட்டது. அவரைப் பார்த்து நான் கழற்றினேன் என்பது என் நினைவு. என்னைப் பார்த்து அவர் கழற்றினார் என்பது அவர் நினைவு.

ஒலிப்பதிவுப் பெண்ணும் கழற்றினார். அவருக்குக் காரணம் வேறு: குதி உயர்ந்த காலணி கல்தரையில் டக்கு டக்கு என்று ஒலிநாடாவில் விழுந்தது.

ஞாயிறு மாலை மாதா வணக்கம். மே மாதத்து ஞாயிறுகளில் சுற்றுப் பண்ணைகளிலிருந்து ஆட்கள் அங்கே வந்து செபமாலை சொல்வார்கள், இரண்டு பாட்டுப் பாடுவார்கள். நான் உள்ளே பின் பெஞ்சில் இருந்தேன். நண்பர் வெளியே புல்லில் காலுறையோடு நின்று, மரங்களின் ஊடாக ஆட்கள் வருவதை எடுத்துக்கொண்டிருந்தார். நடந்ததை அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

சாவிக்கார அம்மாள் முதலில் வந்தார். வாசற்படியில் இருந்த மூன்று சோடிகளையும் பார்த்தார். ஒரு நொடி நின்றார். பிறகு குனிந்து தன்னுடையதைக் கழற்றி அவற்றுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு உள்ளே போனார். அடுத்து வந்த தம்பதி நான்கு சோடிகளைப் பார்த்தார்கள், அவர்களும் கழற்றினார்கள். அதற்குப் பின் வந்தவர்களுக்கு யோசிக்கவே ஒன்றும் இல்லை. வணக்கம் முடிந்து நான் வெளியே வந்தபோது வாசல் முழுக்கச் சப்பாத்துகள். சாய்ந்த வெயில் அவற்றின்மேல் விழுந்துகொண்டிருந்தது. ஆட்கள் சிரித்தபடி ஒற்றைக் காலில் நின்று தங்களுடையதைத் தேடினார்கள். நல்லூரில் திருவிழா நேரம் இப்படித்தான் இருக்கும் என்று நண்பர் என் காதில் சொன்னார். படக்கருவி ஓடிக்கொண்டே இருந்தது.

ஜூன் மாதம் படத்தொகுப்பு. முதல் தொகுப்பைப் பார்த்த நிகழ்ச்சிப் பொறுப்பாளர், அந்தச் சப்பாத்துக் காட்சி வந்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தாராம். திரும்பவும் ஓட்டச் சொன்னாராம். வெறுங்காலோடு நடந்த வண்டிக்காரன், வாசலில் காலணி விட்டு உள்ளே போகும் ஊரார்! "இதுதான் உங்கள் படம். இவ்வளவு பெரிய விஷயத்தைக் கடைசியில் ஒளித்துவைத்திருக்கிறீர்களே!" என்று சொல்லி, அங்கேயே ஒரு வரியைத் தன் கையால் எழுதிக் கொடுத்தார்: "வண்டிக்காரனின் நினைவாக இந்த ஊர் மக்கள் இன்றும் தலைமுறை தலைமுறையாகக் காலணி களைந்தே உள்ளே செல்கிறார்கள்."

அந்தத் தாளோடு, ஜூன் 14, சனிக்கிழமை, நண்பர் ஹம்முக்கு வந்தார். கையில் நிலையத்து ஒலிப்பதிவுக் கருவி, பையில் இரண்டு டப்பா மீன்.

"சாப்பாடு என்ன?"

"சாம்பார்."

"திரும்பவுமோ? ஐசே, உம்மடை ஊர்க் கடலிலை மீனே இல்லையோ?" என்று மீன் டப்பாவைத் திறந்தார். குழம்பு கொதிக்கும்போதுதான் தாளைக் காட்டினார். படித்தேன்.

"இது உண்மையில்லையே. நீங்க சொல்லலையா அவர்கிட்ட?"

"சொல்ல வாய் திறந்தனான். அந்த மனிசன் கையைப் பிடிச்சுக் குலுக்கிப்போட்டார். அதுக்குப் பிறகு என்னத்தைச் சொல்லுறது? இப்ப அந்த ஆளின்ரை பார்வையிலை நான் ஒரு கலைஞன். காலமை வரைக்கும் முக்காலி தூக்கிறவன்." கரண்டியை வைத்தார். "வெள்ளிக்கிழமை வந்து சந்திக்கத் தெர்மீன் தந்திருக்கிறார். வர்ணனையைப் படிச்சுக் காட்டவேணும். அதோடை முடிவு."

"அப்ப என்ன பண்ணப் போறீங்க?"

"ஒரு வரி போதும் ஐசே. எங்கையாவது, எந்தப் பழைய புத்தகத்திலையாவது, 'முந்தி இங்கை வெறுங்காலோடை போனவை' எண்டு ஒரே ஒரு வரி. நீர் தேடினால் கிடைக்கும்."

"நான் ஏற்கெனவே தேடிட்டேங்க. பங்கு ஆபீஸ், டவுன் லைப்ரரி, அந்தக் கிராமத்துப் பள்ளிக்கூட ரெக்கார்ட்ஸ். ஒண்ணும் இல்ல."

"இல்லையெண்டது நிச்சயமோ?"

"கிடைக்கலைங்கறது நிச்சயம்."

"அப்ப இருக்கலாம்!"

நான் அடுப்பைக் குறைத்தேன். அவர் தாளை மடித்துப் பைக்குள் வைத்துவிட்டு, "எல்லாம் உம்மாலை வந்த வினை. நீர்தான் முதல்ல கழட்டினீர்," என்றார்.

"நானா? நீங்க முக்காலிய வைக்கிறதுக்கு முன்னாடியே கழட்டியாச்சு."

"விசர்க் கதை கதையாதையும். நான் லேஸ் போட்ட சப்பாத்து. அதைக் குனிஞ்சு அவிழ்க்க எவ்வளவு நேரம்? நீர் ஒரு உதறு உதறிப்போட்டு உள்ளை போயிட்டீர்."

இந்த வாக்குவாதம் சாப்பாடு முடியும்வரை நடந்தது. அவர் உண்மையில் எதைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தார் என்பது எனக்குத் தெரியாமல் இல்லை. அந்த வரியைப் படித்தால் தொடர் கிடைக்கும். படிக்காவிட்டால் சித்தப்பாவின் ஸ்டூடியோ. எனக்குச் சோதனைக்கூட வேலை இருந்தது. உண்மையைச் சொல்லுங்கள் என்று சாம்பார்த் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு சொல்வது எளிது. அதனால் நான் அதைச் சொல்லவில்லை.

தட்டுகளைக் கழுவிக்கொண்டே அவர்தான் ஆரம்பித்தார். "நான் ஊர்க் கதையைக் கேக்க வெளிக்கிட்டனான். ஊருக்குக் கதை கட்ட இல்லை. நாளைக்கு உம்மைப்போல ஒருத்தன் சைக்கிளிலை வந்து, 'இந்த வழக்கம் எப்ப தொடங்கினது?' எண்டு கேப்பான். என்ரை படத்தைத்தான் காட்டுவினம்." துணியால் கையைத் துடைத்தார். "காட்சியை வெட்டிப்போட்டால்?"

"வெட்டுனா?"

"வெட்டினால் மிச்சம் சுவர். சுவரை அந்த மனிசன் வாங்க மாட்டார்."

கழுவிய தட்டுகளை அடுக்கிக்கொண்டே நான் கேட்டேன்: "அந்தம்மா ஏன் கழட்டுனாங்கன்னு யாராவது கேட்டோமா?"

அவர் என்னைப் பார்த்தார். "ஒலிப்பதிவுக்காக எண்டுதானே சொன்னவா?"

"பக்கத்துல நின்னவங்ககிட்ட அப்படிச் சொன்னாங்க. நம்மகிட்ட இல்ல. நாம கேக்கவே இல்லையே."

மறுநாள் ஞாயிறு, பேருந்தில் போய், மீதி வழி நடந்தோம். ஒலிப்பதிவுக் கருவியை மாற்றி மாற்றித் தூக்கினோம். சாவிக்கார அம்மாள் தோட்டத்தில் இருந்தார். விஷயத்தைச் சொன்னதும், மண் கையோடு பேசுவதா என்று கை கழுவப் போனார். பிறகு சமையலறை மேசையில் ஒலிவாங்கிக்கு எதிரே, யாரோ புகைப்படம் எடுக்கப்போவதைப் போல நேராக உட்கார்ந்தார்.

நண்பர் ஜெர்மனில் கேட்டது ஒரே கேள்வி: அன்று மாலை ஏன் கழற்றினீர்கள்?

அவர் சொன்னது இது, என்னால் முடிந்த அளவு சொல்லுக்குச் சொல்:

"ஒலிப்பதிவுக்காக என்று மற்றவர்களிடம் சொன்னேன். அது சும்மா சொன்னது. இவர்கள் இரண்டு பேரும் முதல் நாளே வாசலில் கழற்றிவிட்டுப் போனதை என் சன்னலிலிருந்து பார்த்தேன். யாரும் அவர்களிடம் கேட்கவில்லை. இது அவர்களுடைய கோயிலும் இல்லை. எங்கள் கோயிலுக்கு எங்களைவிட இவர்கள் அதிக மரியாதை கொடுத்துவிட்டுப் போவதா என்று எனக்கு இருந்தது. பிடிவாதம்தான், வேறென்ன. உள்ளே போனேன். தரை சில்லென்று இருந்தது. அத்தனை வருஷம் அந்தத் தரையைத் துடைத்திருக்கிறேன், அது எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியாது. வண்டிக்காரனுக்குச் சேற்றிலிருந்து ஏறியதும் கால் இப்படித்தான் இருந்திருக்கும் என்று நினைத்தேன். சின்ன வயதிலிருந்து அந்தக் கதையைக் கேட்கிறேன். அன்றுதான் அவனைப் பற்றி நினைத்தேன்."

நண்பர் கருவியை நிறுத்த மறந்துவிட்டார். "இது போதுமா? எனக்கு உருளைக்கிழங்கு வேலை இருக்கிறது," என்று அம்மாள் சொன்னதும் அந்த ஒலிநாடாவில் இருக்கிறது.

வெள்ளிக்கிழமை நான் அங்கே இல்லை. அன்று மாலை சோதனைக்கூடத்துக்கு நண்பர் தொலைபேசியில் பேசினார். பொறுப்பாளரிடம் முதலில் நடந்ததைச் சொல்லியிருக்கிறார்: அந்த வழக்கம் மே 18ஆம் தேதிதான் தொடங்கியது, தொடங்கிவைத்தவர்கள் நாங்கள். பொறுப்பாளர் முகம் மாறிவிட்டது. "மக்கள் பழைய இடத்தைப் பார்க்கத் தொலைக்காட்சியைப் போடுகிறார்கள், உங்கள் காலைப் பார்க்க இல்லை," என்றிருக்கிறார். கோப்பை மூடிவிட்டார். அவர் எழுந்து போவதற்கு முன் ஒரு நிமிட ஒலிநாடாவைக் கேட்கும்படி அவரிடம் சொல்லியிருக்கிறார் நண்பர். கேட்டார். பொறுப்பாளர் மறுபடியும் ஓட்டச் சொன்னார். உருளைக்கிழங்கு வந்த இடத்தில் சிரித்துவிட்டாராம்.

"பிறகு?"

"'இந்த அம்மாளை எனக்கு ஏன் முதலே காட்டேல்லை?' எண்டு என்னை ஏசினார்."

"அப்புறம்?"

"எங்கடை கால் படத்திலை வரக் கூடாதாம். மற்றதெல்லாம் சரியாம்." பிறகுதான் சொன்னார்: "தொடர் என்ரை, ஐசே."

அந்த வார்த்தை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. பின்னால் யாரோ கம்பியை அறுத்துக்கொண்டிருந்தார்கள். நான் காதைப் பொத்திக்கொண்டு இன்னொரு முறை சொல்லச் சொன்னேன்.

படம் அந்த அக்டோபரில் ஒரு வெள்ளிக்கிழமை ஒளிபரப்பானது. நான் வாடகைக்கு இருந்த வீட்டின் சொந்தக்காரி, என் வீட்டுக்காரம்மாள், தன் கூடத்தில் நாற்காலி போட்டு, கேக் வெட்டி வைத்திருந்தார். பதிவின் குரல் விதவையைப் பற்றிச் சொன்னது, ஊரின் குரல் வண்டிக்காரனைப் பற்றிச் சொன்னது. கடைசியில் சப்பாத்துகளின்மேல் சாவிக்கார அம்மாளின் குரல். உருளைக்கிழங்கு வரியை நண்பர் வெட்டவில்லை. எழுத்துகள் ஓடியபோது வீட்டுக்காரம்மாள் நண்பருடைய பெயரைச் சத்தமாகப் படிக்க முயன்றார். பாதி படிப்பதற்குள் அது மறைந்துவிட்டது. "நீளமான பெயர். இனிமேல் அடிக்கடி வரும், பழகிக்கொள்கிறேன்," என்றார்.

அப்படியே ஆயிற்று. அடுத்த ஆண்டுகளில் அவர் தண்ணீர் ஆலைகள், தூக்குமரக் குன்றுகள், கைவிட்ட சுரங்கக் கிராமங்கள் என்று படம் படமாக எடுத்தார். பலவற்றுக்குத் தேதி பார்த்துக் கொடுத்தது நான். ஒவ்வொன்றிலும் சண்டை போட்டோம். சித்தப்பாவின் ஸ்டூடியோவுக்கு வேறொரு உறவினர் போய்ச் சேர்ந்தார் என்று அறிந்தேன்.

1976 மே 9, ஞாயிறு. திருமணமாகி வந்திருந்த என் மனைவிக்குச் சிற்றாலயத்தைக் காட்ட அழைத்துப்போனேன். வாசலில் காலணிகள் வரிசையாக இருந்தன. அவற்றுக்கென்று பலகை ஒன்று அடித்திருந்தார்கள். கதவருகே அச்சிட்ட துண்டுத்தாள் ஒன்று. "வண்டிக்காரனின் நினைவாகத் தொன்றுதொட்டு" என்று அதில் இருந்தது. நிலையத்துப் பொறுப்பாளர் அன்று எழுதிக் கொடுத்த வரியேதான் கிட்டத்தட்ட. சாவி இப்போது பண்ணை வீட்டு மருமகனிடம். அவர் வேறு ஊர்க்காரர். நான் மெதுவாகச் சொல்லிப் பார்த்தேன்: இது 1969இல் தொடங்கியது, எனக்கு நேரில் தெரியும். அவர் என்னைக் கனிவோடு பார்த்தார். "நான் விசாரித்துத்தான் எழுதினேன். எல்லோரும் எப்போதும் இப்படித்தான் என்கிறார்கள்," என்றார்.

என் மனைவி புடவைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள். "உங்க செருப்பால ஒரு ஊருக்கே பாரம்பரியம் வந்துருச்சு. முதல்ல கழட்டுனது நீங்கதான்னு இப்ப ஒத்துக்கிறீங்களா?"

"அவர்தான்," என்றேன்.

சமையலறையில் இருந்த அம்மாள் எங்களைக் கண்டதும் காப்பி போட்டார். முடி முழுக்க வெளுத்திருந்தது. துண்டுத்தாளைப் பற்றிச் சொன்னேன். அவர் கொஞ்சம் யோசித்தார். மருமகன் எழுதியது முழுக்கத் தப்பென்றும் சொல்ல முடியாது என்றார். தான் சிறுமியாக இருந்தபோது மழைக்காலத்தில் பண்ணையாட்கள் மரக்காலணி போட்டுக்கொண்டு வருவார்கள். சேறு அப்பிய மரக்காலணியை வெளியே விட்டிருப்பார்கள் என்று தோன்றுகிறது. தோன்றுகிறதா, நினைவிருக்கிறதா என்று கேட்டேன். நெடுநேரம் காப்பியைக் கலக்கிவிட்டு, அது தனக்கே தெரியவில்லை என்றார். பிறகு உள்ளே போய் ஒரு பழைய புகைப்படத்தைக் கொண்டுவந்தார். இரண்டாம் உலகப் போருக்கு முன் எடுத்தது. சிற்றாலயம், திறந்த கதவு, யாரும் இல்லை. வாசற்படியின் இடப்பக்கம் கறுப்பாகச் சில உருவங்கள்.

அன்று மாலையே நண்பருக்குச் சொன்னேன். 

"அது மரச் சப்பாத்து எண்டால், நிலையத்து மனிசன் எழுதின வரி உண்மையாயிடும்," என்றார். "நான் அவரோடை சண்டை பிடிச்சதெல்லாம் என்னத்துக்கு?"

"உண்மைன்னு இன்னும் தெரியாதுங்க."

"தெரியும்வரைக்கும் விடாதையும். படத்தை அனுப்பும், பெருப்பிச்சுப் பாப்பம்." அவர் குரலில் 1969 மார்ச்சில் இருந்த அதே அவசரம். "உண்மையெண்டால் நான் அந்தக் கோயிலைத் திரும்ப எடுப்பன்."

அம்மாளிடம் கேட்டு வாங்கி அனுப்பினேன். நிலையத்தின் இருட்டறையில் அவர் அதைப் பெரிதாக்கி எனக்கு ஒரு பிரதி அனுப்பினார்; பின்புறம் வழக்கம்போல் தேதி இல்லை. மருமகனும் ஆர்வமாகி, பக்கத்துப் பண்ணைகளில் பழைய படங்கள் இருக்கிறதா என்று கேட்டுக்கொண்டிருக்கிறார். ஒன்று கிடைக்கலாம் என்று எழுதியிருக்கிறார். பெரிதாக்கிய படத்தில் அந்தக் கறுப்பு உருவங்கள் நான்கோ ஐந்தோ தெரிகின்றன. ஒன்றின் முனை மேல்நோக்கி வளைந்தாற்போல் இருக்கிறது. அவை மரக்காலணிகளா, கதவுக்கு முட்டுக் கொடுக்க வைத்த கற்களா என்பது இதை எழுதும்வரை உறுதி செய்யப்படவில்லை.